ஃபினெஸ்ட்ரே மலையில் நடந்தது அதிர்ஷ்டம் இல்லை
2025 ஜிரோ டி இத்தாலியா சைக்கிள் பந்தயத்தின் 20ஆம் நாளில் சைமன் யேட்ஸுக்கு அதிர்ஷ்டம் அடித்தது என்று கட்டுரையில் எழுதியிருக்கிறீர்கள், இதை என்னால் ஏற்கவே முடியவில்லை. காலையில் அவர் முதலிடத்தில் இருந்த டெல் தோரோவைவிட 1 நிமிடம் 21 வினாடி பின்தங்கியிருந்தார் என்பதும், டெல் தோரோவும் இரண்டாம் இடத்தில் இருந்த கரபாஸும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டே அவரைக் கோட்டை விட்டார்கள் என்பதும் சரிதான். ஆனால் ஃபினெஸ்ட்ரே மலையில் அவர்களை உதறிவிட்டுத் தனியாக ஏறியது யார்? கடைசி எட்டு கிலோமீட்டர் தார் போடாத மண் சாலை, சக்கரத்துக்கு அடியில் சரளைக்கல் நழுவும் ஏற்றம் அது. அப்புறம் யேட்ஸின் அணித்தோழர் வான் ஆர்ட்டை நீங்கள் ஒரு வரிகூடச் சொல்லவில்லையே! முன்பே மற்றவர்களை விட்டுப் பிரிந்து முன்னால் போன வீரர்கள் கூட்டத்தோடு மலையைக் கடந்து, யேட்ஸ் வந்து சேர்ந்ததும் அன்றைய ஓட்டம் முடியும் செஸ்ட்ரியேரே போகும் வழியில் அவருக்கு முன்னால் ஓட்டி, எதிர்காற்றைத் தான் தாங்கிக்கொண்டு அவரை இழுத்துப் போனாரே, அது அணி முன்கூட்டியே போட்ட கணக்கு. மறுநாள் ரோமில் யேட்ஸ் மொத்தப் பந்தயத்தையும் ஜெயித்தது 3 நிமிடம் 56 வினாடி வித்தியாசத்தில்.

2018இல் இதே மலையில்தான் முதலிடத்தில் இருப்பவர் அணியும் பிங்க் ஜெர்சியோடு வந்த யேட்ஸ் நொறுங்கிப்போய் அன்று மட்டும் 38 நிமிடத்துக்கு மேல் இழந்தார், போட்டியாளர் ஃப்ரூம் 80 கிலோமீட்டர் தனியாக ஓட்டிப் பந்தயத்தைத் தட்டிச் சென்றார். ஏழு வருடம் கழித்து, செஸ்ட்ரியேரேயில் முடிவுக் கோட்டைத் தாண்டியதும் யேட்ஸ் அழுதார். அதைப் பார்த்து எனக்கும் கண் கலங்கிவிட்டது.