ஆறு வயசுப் புள்ள சப்டைட்டில் படிக்குமாய்யா?

வெள்ளிக்கிழமை ராத்திரி. சாப்பாட்டை முடிச்சு, பாப்கார்ன் பொரிச்சு, மகளைப் பக்கத்துல உட்கார வச்சாச்சு. டிராகன் வரணும், வாள் சண்டை வரணும், அவ கேட்டது அவ்வளவுதான். போர்ச்சுகல் தலைநகர் லிஸ்பன்ல ஒண்ணாம் வகுப்பு படிக்கிறா, போர்ச்சுகீசு அவளுக்குத் தண்ணி பட்ட பாடு. டப்பிங்ல ஒரு ஃபேன்டசி படம் போட்டா முடிஞ்சுதுன்னு நினைச்சேன். ஒன்றரை மணி நேரம் தேடினேன்யா! பாப்கார்ன் நமுத்துப் போச்சு, புள்ள தூங்கிப் போச்சு, நான் மட்டும் ரிமோட்டும் கையுமா உட்கார்ந்திருக்கேன்.

'மொழி: போர்ச்சுகீசு'ன்னு போட்டிருக்கும். நம்பி அமுக்கினா பேசுறது இங்கிலீஷ், கீழ ஓடுற எழுத்துதான் போர்ச்சுகீசு. மந்திரவாதிக்கு இவங்க மொழியில 'ஃபைத்திசைரு'ன்னு நீளமா ஒரு வார்த்தை. அதை அவ எழுத்துக் கூட்டி முடிக்கிறதுக்குள்ள அந்த மந்திரவாதியே செத்துப் போயிடுறான்.

உள்ளூர்க்காரங்ககிட்ட புலம்பினா ஒரு பெருமிதச் சிரிப்பு. "நாங்க ஒரிஜினல்லதான் பார்ப்போம், அதான் எங்களுக்கு இங்கிலீஷ் வருது, எல்லாத்தையும் டப் பண்ணிப் பார்க்குற ஸ்பெயின்காரனைப் பாருங்க." சரி சாமி. அந்தப் பெருமையோட பூர்வீகத்தைக் கொஞ்சம் கிளறிப் பாருங்க, 1948ல சர்வாதிகாரி சலாசர் ஆட்சியில போட்ட சட்டம் வந்து நிக்கும். உள்ளூர் சினிமாவைக் காப்பாத்தணும்னு வெளிநாட்டுக் கதைப் படங்களை டப் பண்ணித் திரையிடக் கூடாதுன்னுட்டாங்க. எழுதப் படிக்கத் தெரியாதவங்க ஏராளமா இருந்த நாட்டுல! அந்த ஆட்சி 1974ல கவிழ்ந்துச்சு, பழக்கம் மட்டும் கவிழவே இல்ல. இன்னிக்கும் ஒழுங்கா டப்பிங் கிடைக்கிறது குழந்தைங்க கார்ட்டூனுக்குத்தான். அதுலயும் டிஸ்னி படம் இந்த ஊர்ப் பேச்சுல தியேட்டருக்கு வந்ததே 1994ல, 'லயன் கிங்'லதான். அதுவரைக்கும் பிரேசில்காரங்க பேசுற போர்ச்சுகீசுதான் ஓடிச்சு. நிஜ மனுஷங்க நடிச்ச சாகசப் படமா? படிச்சுக்கோ.

பிரேசில் டப்பிங் வேணுமா, கொட்டிக் கிடக்கு. அங்க 20 கோடிக்கு மேல ஜனம், இங்க ஒரு கோடி சொச்சம், சந்தை எந்தப் பக்கம் சாயும்? அவங்க வேலையில குறை சொல்ல மாட்டேன். "பிரேசில் பதிப்பு, ஹெர்பர்ட் ரிச்சர்ஸ்"னு (அது டப்பிங் ஸ்டூடியோ பேரு) படம் ஆரம்பிக்கும்போது வந்த குரலைக் கேட்டே அங்க தலைமுறைங்க வளர்ந்திருக்கு. வாயை நல்லாத் திறந்து பேசுறதால எனக்கே புரியுது. இங்க பாதி உயிரெழுத்தை முழுங்கிட்டு மிச்சத்தைத்தான் வெளிய விடுவாங்க.

அதைப் போட்டுக் காட்டினா அடுத்த தலைவலி. புல்லுக்கு 'ரெல்வா'ன்னு சொல்லாம 'கிராமா'ங்கிறா. பஸ்ஸுக்கு இங்க 'அவ்டோகார்ரு' (நம்ம ஆட்டோக்காரரைக் கூப்பிடுற மாதிரியே இருக்கும்). அது வேணாமாம், 'ஓனிபுஸ்'ஸாம். டீச்சர் முகத்தைச் சுளிச்சுக்கிட்டு, "வீட்டுல பிரேசில் வீடியோ பார்க்குறாளா?"ன்னு கேட்கிறாங்க. 2021ல இதே புலம்பல் பேப்பர்லயே வந்துச்சு, யூடியூப் பார்த்துப் புள்ளைங்க பிரேசில் பேச்சு பேசுதுங்கன்னு. பிரேசில் பேச்சுல என்னம்மா கேவலம்? உங்க ஊர்ப் பேச்சுதான் வேணும்னா உங்க ஊர்ப் பேச்சுல டிராகனைப் பேச வைங்க! அதைச் செய்ய மாட்டீங்க, புள்ளையை மட்டும் திருத்துவீங்க.

தேடுறதுலயும் சனியன். டப் பண்ணின படத்துக்கு அங்க 'துப்லாது', இங்க 'துப்ராது'. துப்ராதுன்னா மடிச்சதுன்னும் அர்த்தம், வேட்டியைத் தேடுறமா படத்தைத் தேடுறமான்னே தெரியல. படப் பேரும் ஒத்துப்போகாது. 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' முதல் பாகம் பிரேசில்ல மோதிரச் சங்கம், இங்க மோதிரச் சகோதரத்துவம். ரெண்டும் ஒரே படம்தான்னு எவன் சொன்னான் எனக்கு? பிரேசில் குரல்னா பிரேசில்னு போடு. போர்ச்சுகல் குரல்னா போர்ச்சுகல்னு போடு. வெறும் எழுத்துதான்னா எழுத்துன்னு போட்டுத் தொலை. இதுக்கு என்ன ராக்கெட்டா விடணும்?

நேத்து வெறுத்துப் போய் சத்தத்தை அணைச்சுட்டு நானே தமிழ்ல டப்பிங் பேச ஆரம்பிச்சேன். டிராகனுக்கு எங்க பெரியப்பா குரல், ராணிக்கு அவ அம்மா குரல். மகள் விழுந்து விழுந்து சிரிச்சா, அவ அம்மா சிரிக்கல. இருபது நிமிஷத்துல தொண்டை கட்டிப் போச்சு. படம் இன்னும் ஒன்றே முக்கால் மணி நேரம் பாக்கி இருக்கு, மீதியை இன்னிக்கு ராத்திரி பேசணுமாம்.