வி23.4 என்ற குறியீடு யார் மீதும் பழி சுமத்தவில்லை

மருத்துவ அறிக்கையில் வி23.4 என்று இருந்தால், விபத்துக்கு மோட்டார் சைக்கிள் ஓட்டியவரே காரணம் எனப் பதிவாகிவிட்டதாகச் சிலர் சொல்கிறார்கள். அது சரியல்ல. நோய்களுக்கும் காயங்களுக்கும் குறியீடு தரும் ஐசிடி-10 (ICD-10) என்ற உலக வகைப்பாட்டில் வி23 (V23) என்பது கார் அல்லது வேனுடன் மோதியதில் மோட்டார் சைக்கிளில் சென்றவர் காயமடைந்ததைக் குறிக்கிறது. புள்ளிக்குப் பின் உள்ள 4, அவர் சாலையில் ஓட்டிச் சென்றவர் என்று மட்டுமே சொல்கிறது. பின்னால் அமர்ந்து சென்றவருக்கு அந்த இடத்தில் 5 வரும். கீழ்க்கால் எலும்பு முறிந்திருந்தால் அதற்கு எஸ்82 என்று தனிக் குறியீடு உண்டு. அடிபட்டுக் கிடப்பவரின் குடும்பத்தினர் இதை நினைத்துக் கலங்க வேண்டாம். உலக சுகாதார நிறுவனத்தின் இணையதளத்தில் ஐசிடி-10 பட்டியலின் 20ஆம் அத்தியாயத்தைத் திறந்து, வி20 முதல் வி29 வரை நீங்களே படித்துப் பாருங்கள்.