மரம் நின்றால் பொறியும் நிற்க வேண்டும்

வளரும் காட்டுக்குள் பல்சக்கரமும் சுருள்வில்லும் பூட்டி, காடே ஒரு பெரும் பொறியாக இயங்குவதுபோல் தீட்டப்படும் கற்பனை ஓவியங்களை நான் விரும்பிப் பார்ப்பவன். ஆனால் அவற்றில் பெரும்பாலானவற்றில் பித்தளைச் சக்கரங்கள் அடிமரத்தைத் துளைத்துக்கொண்டு சுழல்கின்றன. மரம் வெறும் சட்டமாக நிற்கிறது. மரம் பட்டுப்போனாலும் அந்தச் சக்கரங்கள் சுற்றிக்கொண்டேதான் இருக்கும் என்றால், அங்கே காட்டுக்கு என்ன வேலை? அப்படியொரு தொழில்நுட்பம் என்றாவது உருவாகுமானால், மரத்தின் இயக்கம் நின்ற மறுகணம் பொறியும் நின்றுவிட வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

உயிரும் பல்சக்கரமும் ஒட்டாதவை அல்ல. 2013இல் மால்கம் பரோஸ், கிரிகரி சட்டன் என்ற ஆய்வாளர்கள், இஸ்ஸஸ் என்னும் தத்துப்பூச்சியின் இளம்பருவத்தில் பின்னங்கால்கள் உடலோடு சேரும் இடத்தில் ஒன்றையொன்று கவ்வும் பற்கள் இருப்பதைக் காட்டினார்கள். பக்கத்துக்கு 10 முதல் 12 பற்கள். தாவும்போது இரு கால்களும் பிசகாமல் சேர்ந்து உதைப்பது அவற்றால்தான். நம் வயல்களில் நெல்லைத் தீய்க்கும் புகையானுக்கு அந்தப் பூச்சி தூரத்து உறவு.

பாபநாசம் தொடங்கிக் கல்லிடைக்குறிச்சி, சேரன்மாதேவி என்று தாமிரபரணிக் கரையில் நிற்கும் நீர்மருத மரங்களை மனத்தில் வைத்தே இதை எழுதுகிறேன். பகலில் இலைகள் வெளியே விடும் நீரை வேர்களால் அதே வேகத்தில் ஈடுகட்ட முடியாததால், அடிமரம் மயிரிழையளவு சுருங்கி, இரவில் மீண்டும் பருக்கிறது. கண்ணுக்குத் தெரியாத இந்த அசைவை வனவியலாளர்கள் மரத்தைச் சுற்றி வளையம் கட்டி அளக்கிறார்கள். இத்தனை சிறிய அசைவால் எந்தப் பொறி ஓடும் என்று கேட்கலாம். 1928இல் ழான் லெயோன் ரெய்ட்டர் வகுத்த முறையில் வளர்ந்த ஆட்மோஸ் கடிகாரத்துக்கு யாரும் சாவி கொடுப்பதில்லை. அறையின் வெப்பம் ஒரு டிகிரி மாறினாலே, ஏறத்தாழ இரண்டு நாள் ஓடுவதற்கான விசை அதன் சுருள்வில்லில் ஏறிவிடுகிறது. மரத்தின் பலத்தைப் பற்றியோ சொல்லவே வேண்டியதில்லை. கோபுர இடுக்கில் முளைத்த அரசு கருங்கல்லையே நெம்பிவிடும்.

நான் கற்பனை செய்யும் பொறி இதுதான். ஆணி அடிக்காமல், துளை போடாமல், மருத மரத்தைச் சுற்றி இன்வார் என்னும் உலோகக்கலவையாலான மெல்லிய வளையம் ஒன்று கட்டப்படும். வெயிலில் வளையமே நீண்டுவிட்டால் கணக்குத் தப்பிவிடும் என்பதால்தான், வெப்பத்தில் மிகக் குறைவாகவே விரியும் இன்வார் தேவைப்படுகிறது. இரவில் மரம் பருக்கும்போது வளையம் ஒரு நெம்புகோலை இழுக்க, அது சக்கரத்தை ஒரு பல் நகர்த்தும். பகலில் மரம் சுருங்கும்போது கொக்கி பின்வாங்கி அடுத்த பல்லில் விழுந்து காத்திருக்கும். சக்கரங்களை அம்பாசமுத்திரத்தில் சொப்புச் சாமான் கடையும் கைகளே கடைந்துவிடும் என்று நம்புகிறேன். 18ஆம் நூற்றாண்டில் ஜான் ஹாரிசன் மரச் சக்கரங்களால் செய்த கடிகாரம் இங்கிலாந்தின் பிராக்கிள்ஸ்பி பூங்காவில் இன்றும் ஓடுகிறது. இயல்பிலேயே எண்ணெய்ப் பசையுள்ள மரத்தைத் தாங்கிகளுக்கு வைத்ததால் அதற்கு எண்ணெய் விட வேண்டிய தேவையே இல்லை.

வளையத்தில் தளர்த்தும் திருகு கட்டாயம் வேண்டும். விளம்பரத் தட்டிக்காகக் கட்டிய கம்பி தோலுக்குள் புதைந்து, அதன் மேலும் கீழும் வீங்கிப் புடைத்த வேப்ப மரங்களை நம் சாலையோரங்களில் பார்த்திருக்கிறோம். மரம் உணவைக் கீழே அனுப்பும் பாதை பட்டைக்குள்தான் இருக்கிறது. அதை நெரித்தால் மரம் செத்துவிடும்.

அந்தச் சக்கரம் இரவுக்கு ஒரு முறை ஒரு மணியை அடித்தால் போதும். மண்ணில் ஈரம் குறையக் குறைய பகலில் இழந்ததை மரம் இரவில் மீட்பது குறையும். ஒரு கட்டத்தில் பல் நகராது, மணியும் ஒலிக்காது. அன்றைக்கு ஆற்றங்கரை மரத்துக்கே நீர் எட்டவில்லை என்பது ஊருக்குத் தெரிந்துவிடும். மின்கலம் ஒன்றை வைத்தால் மணி தவறாமல் அடிக்குமே என்று யாராவது சொன்னால் அதை நான் முற்றிலும் எதிர்ப்பேன். மரத்தின் தாகத்தை மறைக்கும் மணி நமக்கு வேண்டாம்.

இது வெறும் விளையாட்டு என்று நினைப்பவர்கள் பாபநாசம் மின்நிலையத்தைச் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். 1944 முதல் அங்கே மின்சாரம் எடுக்கிறோம். சுழலியைச் சுற்றுவது அணைநீர் என்று சொல்லிவிடுகிறோம்; மழை ஓய்ந்த பிறகும் ஓடைகளில் நீரைக் கசியவிட்டு அந்த அணைக்கு அனுப்பிக்கொண்டிருப்பவை பொதிகையின் சோலைகளும் முண்டந்துறைக் காடுகளும். காடும் சக்கரமும் சேர்ந்த பொறி நம்மிடம் ஏற்கெனவே இருக்கிறது. அதில் இரும்பாலான பாதிக்கு மட்டுமே பராமரிப்புச் செலவு என்று தனியே கணக்கு எழுதுகிறோம்.

என் பொறியைப் புலிகள் காப்பகத்துக்குள் கொண்டுபோகக் கூடாது. அங்குள்ள மரங்களைத் தொடாமல் விடுவதே முறை. கன்னடியன் கால்வாய்க் கரையிலோ நதியுண்ணிக் கால்வாய்க் கரையிலோ, வயலுக்குப் போகிறவர்கள் தினமும் கடந்துபோகும் ஒரு மரம் போதும். கடைசல் வேலை தெரிந்தவர்களோ கடிகாரம் பழுதுபார்ப்பவர்களோ இதைச் செய்து பார்க்க முன்வந்தால், உரியவர்களிடம் அனுமதி கேட்டு, மரத்தின் சுற்றளவை அளந்து தரும் வேலையை நான் ஏற்றுக்கொள்கிறேன்.