யாரையும் சுட வேண்டாம், சும்மா இருங்கள்

'ஆக்ஸன்ஃப்ரீ' விளையாட உட்கார்ந்தால் போதும், வீட்டில் அத்தனை பேருக்கும் என்னிடம் பேச விஷயம் வந்துவிடுகிறது. 2016இல் வெளிவந்த இந்த வீடியோ கேமில் துப்பாக்கி கிடையாது, பந்தயம் கிடையாது. இரவைக் கூத்தும் கும்மாளமுமாகக் கழிக்கத் தீவுக்குப் போன பள்ளித் தோழர்கள் பேசிக்கொண்டே நடக்கிறார்கள். பேச்சுதான் ஆட்டமே! நாம் ஆட்டுவிக்கும் பெண் அலெக்ஸ்; அவள் தலைக்கு மேல் பதில்கள் குமிழ்களாக மிதக்கும். சட்டென்று ஒன்றைத் தேர்ந்தெடுக்காவிட்டால் மங்கி மறைந்துவிடும்; அவள் வாயடைத்து நிற்பாள்.

அந்த நொடியில்தான் அம்மாவுக்கு கேஸ் சிலிண்டர் ஞாபகம் வர வேண்டுமா? அலெக்ஸின் இறந்துபோன அண்ணனைச் சொல்லி, கூட வந்த கிளாரிசா குத்திப் பேசுகிறாள், இங்கே, "தோசைக்குச் சட்னியா, பொடியா?" சட்னி என்று கத்திவிட்டுத் திரும்பினால் குமிழ்கள் போயே போய்விட்டன. அண்ணனுக்காக ஒரு வார்த்தை பேசாத தங்கை! நன்றாக இருக்கிறதல்லவா?

தோளுக்குப் பின்னால் தம்பி வேறு. "இதில் யாரைச் சுட வேண்டும்?" யாரையும் இல்லையடா. "அப்புறம் எதற்கு விளையாடுகிறாய்?" நீ நாள் முழுக்க டெஸ்ட் மேட்ச் பார்க்கும்போது நான் கேட்டேனா?

சரி, அலெக்ஸ் கையிலிருக்கும் ரேடியோவைத் திருகி அலைவரிசை தேடலாம் என்றால் அப்பா. "என்ன இரைச்சல் அது, குறைத்து வை." அந்த இரைச்சலில்தானே, அப்பா, தீவின் ஆவி பேசுகிறது!