ஹொரேஸ் ஓவேக்கு 'சர்' பட்டம் போதுமா?

ஹொரேஸ் ஓவே என்றாலே 'பிரிட்டனில் முழுநீளப் படம் இயக்கிய முதல் கறுப்பினக் கலைஞர்' என்று ஒரு வரி சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். 'பிரஷர்' அந்தப் பெருமைக்குரிய படம்தான், மறுக்கவில்லை. ஆனால் அவருடைய ஆவணப்படங்களைப் பற்றி யார் பேசுகிறார்கள்?

கரீபியத் தீவான டிரினிடாட்டில் பிறந்து 1960இல் லண்டன் போனவர். 1970இல் வெம்ப்ளியில் நடந்த கரீபிய இசை விழாவை வைத்து 'ரெக்கே' என்ற ஆவணப்படம் எடுத்தார். ரெக்கே என்பது ஜமைக்காவில் பிறந்த இசை. பாப் மார்லியின் பெயர் உலகம் முழுக்கப் பரவாத காலம் அது. 1973இல் பிபிசிக்காக 'கிங் கார்னிவல்'. டிரினிடாட்டின் தெருத் திருவிழாவான கார்னிவல் என்றால் வெளியாட்களுக்கு இறகும் ஜிகினாவும்தான் நினைவுக்கு வரும். ஆனால் அதன் வரலாறு வேறு. தோட்ட முதலாளிகள் மாளிகைக்குள் முகமூடி விருந்து நடத்தினார்கள். விடுதலை பெற்ற அடிமைகள் அதைத் தெருவுக்குக் கொண்டுவந்து தங்கள் விழாவாக்கினார்கள். மேளத்துக்கு அரசு தடை போட்டதும் மூங்கிலைத் தட்டினார்கள். அப்புறம் எண்ணெய்ப் பீப்பாயைத் தட்டி வளைத்து ஸ்டீல்பேன் என்ற இசைக்கருவியை உண்டாக்கினார்கள். இதையெல்லாம் அந்த ஊர்க்காரரே படமாக்குவதற்கும், நான்கு நாள் வந்துபோகும் ஒருவர் படமாக்குவதற்கும் நிறைய வித்தியாசம் இருக்கிறது.

'பிரஷர்' திரைக்கதையை அவரோடு சேர்ந்து எழுதியவர் நாவலாசிரியர் சாம் செல்வன். மெட்ராஸிலிருந்து டிரினிடாட் போன ஒருவரின் மகன். நம்மில் எத்தனை பேர் அவரைப் படித்திருக்கிறோம்?

அந்தப் படத்துக்குப் பணம் கொடுத்த பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட்டே, போலீஸ் அராஜகக் காட்சிகளுக்குப் பயந்து, ஏறக்குறைய மூன்று வருடம் அதை முடக்கி வைத்தது. அடுத்து அவர் ஒரு திரையரங்குப் படம் எடுக்க 1986 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. நடுவில் தொலைக்காட்சியில் கிடைத்த வேலைகளைச் செய்தார். மும்பை டப்பாவாலாக்களைப் பற்றியும் போபால் விஷவாயுக் கொடுமையைப் பற்றியும்கூட ஆவணப்படம் எடுத்தார். எனக்குக் கோபம் வருவது இங்கேதான். உடலில் தெம்பும் கையில் கேமராவும் இருந்த வயதில் ஒரு சுயாதீனக் கலைஞனை இழுத்தடித்துவிட்டு, 2022இல் 'சர்' பட்டம் கொடுத்தார்கள். 2023 செப்டம்பரில் அவர் இறந்தார். புதுப்பிக்கப்பட்ட 'பிரஷர்' விழாக்களில் திரையிடப்பட்டது அதற்கு அடுத்த மாதம்.

சரி, 'பிரஷரை' மீட்டெடுத்தது நல்ல காரியம். 'கிங் கார்னிவலுக்கும்' அதே பணமும் அக்கறையும் ஒதுக்க வேண்டும். லண்டன் விழாக்களோடு நிறுத்தாமல், டிரினிடாட் பள்ளிக்கூடங்களில் பிள்ளைகள் இலவசமாகப் பார்க்கிற மாதிரி அது அங்கே போய்ச் சேர வேண்டும்.