உமா என்றால் குதிரை

தாத்தா: ஏன் கண்ணு அழுகிறாய்? யாருக்கு என்ன ஆச்சு?

பேத்தி: இந்த ஜப்பான் கார்ட்டூனில் மெக்வீனுக்குக் காலில் அடி தாத்தா. இனி ஓட முடியாதாம்.

தாத்தா: இந்தப் பெண்ணா? தலையில் ஏன் குதிரைக் காது?

பேத்தி: வாலும் இருக்கிறது, பாருங்கள். உமா முசுமே, குதிரைப் பெண். ஜப்பான் மொழியில் உமா என்றால் குதிரை.

தாத்தா: உன் உமா அத்தையிடம் சொல்லிவிடாதே. பக்கத்தில் அழுகிறவள் தங்கையா?

பேத்தி: டோகாய் டெயோ. மெக்வீனுடைய எதிராளி.

தாத்தா: எதிராளிக்குக் கால் போனால் சிரிக்கத்தானே வேண்டும்?

பேத்தி: டெயோவுக்கே மூன்று தடவை எலும்பு முறிந்தது. மெக்வீனோடு இன்னொரு தடவை மோத வேண்டும் என்றுதான் எழுந்து எழுந்து வருகிறாள்.

தாத்தா: எல்லாம் கட்டுக்கதை.

பேத்தி: இரண்டும் நிஜக் குதிரைகள் தாத்தா! 1992-ல் கியோட்டோவில் 3200 மீட்டர் பந்தயம். அதுவரை தோற்றே அறியாத டெயோ ஐந்தாவதாக வந்தது. ஜெயித்தது மெக்வீன்.

தாத்தா: அப்புறம்?

பேத்தி: அப்புறம் இரண்டும் சேர்ந்து ஓடவே இல்லை.

தாத்தா: ஒரே தடவையா? நானும் மாடி வீட்டுச் சண்முகமும் முப்பது வருஷமாகக் கேரம் ஆடுகிறோம். எவன் படம் எடுத்தான்?

பேத்தி: இன்னொன்று, நிஜத்தில் இரண்டுமே ஆண் குதிரைகள்.

தாத்தா: அடப்பாவிகளா, பாவாடை கட்டியா ஓடவிட்டார்கள்?

பேத்தி: ஓடினால் மட்டும் போதாது. ஜெயித்தவள் மேடையேறிப் பாட வேண்டும்.

தாத்தா: மூச்சு வாங்கும்போதேயா? தோற்றவள்?

பேத்தி: பின்னால் நின்று ஆட வேண்டும்.

தாத்தா: ஆகா! சண்முகம் ஆடுவதைப் பார்க்கக் கொடுத்து வைத்திருக்க வேண்டுமே.

பேத்தி: போன வாரம் நீங்கள்தானே தோற்றீர்கள்?

தாத்தா: ஸ்ட்ரைக்கர் வழுக்கிவிட்டது. அதை விடு, டெயோ என்ன ஆச்சு?

பேத்தி: 364 நாள் பந்தயமே ஓடவில்லை. 1993 டிசம்பரில் நேராக அரிமா கினென் பந்தயத்தில் வந்து நின்றது. ஜெயித்தது! கதையில் அவள் மெக்வீனுக்காகவே ஓடுகிறாள். மெக்வீன் பார்த்துக்கொண்டே அழுகிறாள்.

தாத்தா: (மூக்கை உறிஞ்சி) ஃபேனைத் துடை என்றால் யார் கேட்கிறீர்கள், ஒரே தூசி. நேற்று சண்முகத்துக்குக் கண்புரை ஆபரேஷன். நான் எட்டிக்கூடப் பார்க்கவில்லை.

பேத்தி: இப்போதே போய்ப் பாருங்கள் தாத்தா.

தாத்தா: போகத்தான் போகிறேன். கட்டுப் பிரிப்பதற்குள் ஒரு ஆட்டம் போட்டுவிட வேண்டும். அந்தக் கேரம் போர்டை எடு!