மெரிடியன் கோளில் காலம் வேகமாக ஓடுவதில்லை

அமெரிக்க அறிவியல் புனைவுத் தொலைக்காட்சி வரிசையான ஸ்டார் ட்ரெக் பற்றி ஒருவர், 'ஸ்டார் ட்ரெக் தொடரில் வரும் மெரிடியன் கோளில் காலம் பன்மடங்கு வேகமாக ஓடுகிறது, அதனால்தான் அது நம் கண்ணுக்குத் தெரியாமல் மறைகிறது' என்று எழுதியுள்ளார். இது இரு வேறு கதைகளைக் குழப்பியதால் வந்த பிழை.

மெரிடியன், ஸ்டார் ட்ரெக் வரிசையைச் சேர்ந்த 'டீப் ஸ்பேஸ் நைன்' தொடரில் 1994-இல் ஒளிபரப்பான ஓர் அத்தியாயத்தில் வருவது. அங்கே காலத்தின் வேகம் பிரச்சினையே அல்ல; அந்தக் கோள் நம் பரிமாணத்துக்கும் மற்றொரு பரிமாணத்துக்கும் இடையே மாறி மாறிப் பெயர்வதும், மறுபக்கத்தில் அதன் மக்கள் உடலற்ற தூய உணர்வாக இருப்பதும், 60 ஆண்டுகளுக்கு ஒருமுறை இப்பக்கம் தோன்றும் போது அவர்களுக்குக் கிடைக்கும் நாள்கள் குறைந்துகொண்டே வருவதும்தான் கதை. அவர்களுடன் செல்ல முயலும் அறிவியல் அதிகாரி ஜாட்ஸியா டாக்ஸ் அந்தப் பெயர்வுக்கு ஈடுகொடுக்க முடியாமல் போக, அவரது இருப்பே கோளின் நிலைத்தன்மையைக் குலைப்பதால் கடைசி நேரத்தில் கப்பலுக்கு மீட்கப்படுகிறார். (நூறாண்டுக்கு ஒருநாள் மட்டும் தோன்றும் கிராமத்தைப் பற்றிய 1947-ஆம் ஆண்டு இசைநாடகமான 'பிரிகடூன்' பார்த்தவர்களுக்கு இதன் சாயல் உடனே புரியும்.)

காலம் விரைந்தோடும் கோள் 2000-இல் அதே வரிசையின் 'வாயேஜர்' தொடரில் வந்தது. வாயேஜர் விண்கப்பலில் ஒரு விநாடி கழிந்தால் அங்கே ஏறத்தாழ ஒரு நாள் கழியும். அதற்குக் காரணமாகச் சொல்லப்படுவது கோளின் டேக்கியான் (ஒளியைவிட வேகமாகச் செல்வதாகக் கற்பனை செய்யப்படும் துகள்) உட்கரு. அந்தக் கோள் எங்கும் மறைவதில்லை, மாறாக வாயேஜர் கப்பல்தான் அதன் வானில் நட்சத்திரம் போலத் தலைமுறைகளாகத் தென்படுகிறது.